பசை அட்டையில் ஒட்டிய மூஞ்சூறு

அன்புள்ள ஐயா,

கிறிஸ்துமஸ் தீவில் மூஞ்சூறு இனமே அற்றுப்போனது பற்றி எழுதியிருந்தீர்கள். போன வாரம் எங்கள் வீட்டில் எலிக்கு வைத்த பசை அட்டையில் ஒரு மூஞ்சூறு ஒட்டிக்கொண்டது. விடிந்து பார்த்தால் செத்துக் கிடந்தது. ‘பிள்ளையார் வாகனத்தைக் கொன்னுட்டியே’ என்று அம்மா இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. எலியைக் கொல்லலாம், மூஞ்சூறைக் கொல்லக்கூடாது என்பதில் என்ன நியாயம்? அந்தத் தீவில் இருந்ததும் இதே பிராணிதானா?

இரா., குடியாத்தம்

அன்புள்ள இரா.,

நான் உங்கள் அம்மா பக்கம். பிள்ளையாரைச் சற்று ஒதுக்கிவைத்துப் பார்த்தாலும் அவர் சொல்வது சரிதான். மூஞ்சூறு எலியே அல்ல. எலிக்கு முன்னால் உளி மாதிரி கொறிக்கும் பற்கள். மூஞ்சூறுக்கு வாய் முழுக்கக் கூரான சின்னப் பற்கள், கரப்பானின் ஓட்டை நொறுக்குவதற்கு ஏற்றவை. கரப்பான், பூச்சி, புழு என்று இரவெல்லாம் தேடித் தின்னும். விலாவில் உள்ள சுரப்பியிலிருந்து வரும் அந்த நாற்றம் தாங்க முடியாதுதான், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் உங்கள் அரிசி மூட்டையை ஓட்டை போட்டது அதுவாக இருக்காது. அதற்குப் பசியும் தாங்காது. ஒரு ராத்திரி முழுக்க அட்டையில் ஒட்டிக் கிடப்பது அதற்கு மிகக் கொடுமையான சாவு.

நானும் குடியாத்தத்தில் தறிச்சத்தத்துக்கு நடுவே வளர்ந்தவன். ஒரு ஐப்பசி அடைமழையில் தறிக்குழிக்குள் தண்ணீர் இறங்கிவிட்டது. அப்பா அரிக்கேன் விளக்கைப் பிடித்திருக்க, நான் சொம்பால் மொண்டு ஊற்றிக்கொண்டிருந்தேன். மிதிகட்டைக்குப் பின்னாலிருந்து கீச்சென்று ஒரு சத்தம். தாய் மூஞ்சூறு சுவரோரமாக வெளியே வந்தது. அதன் வாலடியைக் கவ்விக்கொண்டு ஒரு குஞ்சு, அதன் வாலடியைக் கவ்வி இன்னொன்று, இப்படி நான்கு. மூன்றாவது குஞ்சு பிடியை விட்டுவிட்டது. தாய் நின்றுவிட்டது. குஞ்சு மூக்கை ஆட்டி ஆட்டித் தேடி, முன்னால் இருந்ததை மறுபடி கவ்விய பிறகுதான் நகர்ந்தது. அப்பா விளக்கைத் தாழ்த்தி, காலை ஒதுக்கி வழிவிட்டார். அவை கதவிடுக்கில் மறையும்வரை நாங்கள் இருவரும் பேசவே இல்லை.

சரி, தீவு விஷயம். அங்கே இருந்தது வேறு இனம், நம் வீட்டு மூஞ்சூறுக்குத் தூரத்துச் சொந்தம். ஜாவாவுக்குத் தெற்கே சுமார் 135 சதுர கிலோமீட்டர் தீவு, உலகத்தில் அதற்கு வேறு இடமே கிடையாது. 1890களின் கடைசியில் அங்கே போன இயற்கையியலாளர் ஆண்ட்ரூஸ், அது தீவெங்கும் இருந்ததாகவும், இரவில் நாலாபக்கமும் அதன் குரல் கேட்டதாகவும் எழுதினார். 1900 வாக்கில் கப்பலில் கருப்பெலிகள் வந்து இறங்கின. அவை கொண்டுவந்த நோயில் தீவின் சொந்த எலிகள் இரண்டு வகை சில வருடங்களில் அழிந்தன. 1908 வாக்கில் மூஞ்சூறும் இல்லை என்றே நினைத்தார்கள். ஆனால் 1958இல் காடு வெட்டும்போது இரண்டு அகப்பட்டன. 1985 வாக்கில் மறுபடி இரண்டு, ஓர் ஆணும் ஒரு பெண்ணும். ஆண் சில வாரங்களில் செத்துவிட்டது. பெண்ணைக் கூண்டில் வைத்து ஓராண்டு போலக் காப்பாற்றினார்கள், துணைக்கு இன்னொரு ஆண் கிடைக்கவில்லை. அப்புறம் யார் கண்ணிலும் படவில்லை. 2025 அக்டோபரில் அற்றுப்போன இனம் என்று அறிவித்துவிட்டார்கள். அந்தப் பெண் தனியாக இருந்த ஓராண்டை என்னால் மறக்க முடியவில்லை.

அந்தமானில் உள்ள நம் நார்க்கொண்டம் தீவு அதைவிடச் சின்னது, சுமார் ஏழு சதுர கிலோமீட்டர்தான். அங்கே 2021இல் ஒரு புது மூஞ்சூறு இனத்தை விவரித்திருக்கிறார்கள். எனக்குக் கவலை அதைப் பற்றித்தான். நம் வீட்டு மூஞ்சூறு ஊரெங்கும் இருக்கிறது, அதற்கு அழிவு பயம் இல்லை.

பசை அட்டையைத் தூக்கிப் போட்டுவிடுங்கள். எலித்தொல்லை இருந்தால் கூண்டுப்பொறி வையுங்கள், படுக்கப் போகும் முன் ஒருமுறை, நடுவில் எழுந்தால் ஒருமுறை பாருங்கள். பக்கத்து வீட்டு அட்டையில் மூஞ்சூறு ஒட்டியிருந்தால் பிடித்து இழுக்காதீர்கள், தோல் கிழிந்துவிடும். கையில் துணியைச் சுற்றிக்கொண்டு, வயிற்றடியிலும் கால்விரல்களிலும் தேங்காய் எண்ணெயைச் சொட்டுச் சொட்டாக விட்டுத் தேயுங்கள். மூக்கில் எண்ணெய் படக்கூடாது. விடுபட்டதும் சுவரோரமாக விடுங்கள், சுவரை ஒட்டித்தான் அதற்கு வழி தெரியும்.