மந்திர மை காய்ச்சும் மகளுக்கு எந்தப் பாடப்பிரிவு?

அன்புள்ள அம்மா,

நீங்கள் அனுப்பிய மூன்று குறிப்பேடுகளையும் ஒரு பக்கம் விடாமல் படித்தேன். பத்தாம் வகுப்பு முடித்துவிட்டவள், எந்தப் பாடப்பிரிவு வேண்டும் என்று கேட்டால் இல்லாத ஊர்களில் மை காய்ச்சித் திரியும் மனிதர்களைப் பற்றியே பேசுகிறாள், இதை எப்படி நிறுத்துவது என்று கேட்டிருந்தீர்கள். நிறுத்த வேண்டாம். உங்கள் கேள்விக்கு விடை அந்தக் குறிப்பேடுகளிலேயே இருக்கிறது.

உங்கள் மகள் படைத்த நாடோடி மைவினைஞர்கள் ஓர் ஊரில் ஒரு மழைக்காலத்துக்கு மேல் தங்குவதில்லை. பொய்ச் சாட்சியம் எழுதினால் வெளிறிப்போகும் மை, எழுதியவர் இறந்த பிறகே கண்ணுக்குத் தெரியும் மை என்று குடுவைகளைச் சுமந்து நடக்கிறார்கள். கற்பனை உலகம் எழுதும் பிள்ளைகள் பலர் என்னிடம் வந்திருக்கிறார்கள். பெரும்பாலோர் போர்களாலும் அரச வம்சங்களாலும் பக்கங்களை நிரப்பியிருப்பார்கள். இவள் ஒரு போரை நான்கு வரியில் முடித்துவிட்டு, மை காய்ச்சும் முறைக்குப் பதினொரு பக்கம் கொடுத்திருக்கிறாள். காயை எத்தனை நாள் ஊறவைப்பது, எப்போது வடிகட்டுவது, சில ஏடுகள் ஏன் எழுத்தின் வழியே கருகி உதிர்கின்றன என்று எழுதி, அடித்து, மறுபடி எழுதியிருக்கிறாள். அடித்தல் திருத்தல் எங்கே மிகுதி என்பதைத்தான் நான் எப்போதும் முதலில் பார்ப்பேன்.

அந்தக் கருகும் ஏடு உண்மையில் இருக்கிறது என்று அவளுக்குத் தெரியுமா? மாசிக்காயின் துவர்ப்புச் சத்தும் அன்னபேதி என்னும் இரும்பு உப்பும் பிசினும் சேர்த்துச் செய்த மைதான் ஐரோப்பாவில் பல நூற்றாண்டுகள் புழங்கியது. எழுதும்போது வெளிறித் தெரியும். காற்றுப் பட்டபின் கறுக்கும். ஆண்டுகள் போகப்போக அதே மை தாளை அரித்துத் துளையிட்டுவிடும். அந்த அரிப்பைத் தடுப்பதற்கென்றே நூலகங்களிலும் ஆவணக் காப்பகங்களிலும் பாதுகாப்பு வல்லுநர்கள் பணியாற்றுகிறார்கள்.

இறந்தவரின் மைக்கும் ஒரு நிகர் உண்டு. கி.பி. 79இல் இத்தாலியின் வெசுவியஸ் எரிமலை வெடித்தபோது, அருகிலிருந்த ஹெர்குலேனியம் நகரின் பாப்பிரஸ் (கோரைத் தாள்) சுருள்கள் கரியாயின. கரிந்த ஏட்டில் கரி மை, அதுவும் விரித்தால் நொறுங்கிவிடும். 2023இல் அப்படிப்பட்ட ஒரு சுருளை விரிக்காமலேயே, ஊடுகதிர்ப் படங்களையும் கணினிக் கற்றலையும் கொண்டு, 'ஊதா' என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லைப் படித்தார்கள். அதை முதலில் கண்டவர்களுள் ஒருவர் கல்லூரி மாணவர். இந்தச் செய்தியை நீங்களே அவளிடம் சொல்லுங்கள். நான் சொல்வதைவிட நீங்கள் சொன்னால் அவளுக்கு அதிகம் பொருள்படும்.

ஆகவே வேதியியல் உள்ள பிரிவை எடுக்கட்டும். கணிதத்தையும் விட வேண்டாம். பட்டப்படிப்பில் வேதியியலோ வேதிப்பொறியியலோ படித்தால் மைத் தொழிலின் பல கதவுகள் திறக்கும். அச்சு மை, சாய்த்துப் பார்த்தால் நிறம் மாறும் பணத்தாள் மை, மின்சுற்று அச்சிட உதவும் வெள்ளித் துகள் மை என எல்லாவற்றுக்கும் கலவை வகுக்கத் தெரிந்தவர்கள் வேண்டும். ஏடுகளைப் பாதுகாக்கும் பணி அவள் மனத்துக்கு இன்னும் நெருக்கமாக இருக்கலாம். ஆனால் அதற்கு வேதியியலோடு வரலாறும் கைத்திறனும் வேண்டும், பணியிடங்களும் குறைவு. அதை மட்டுமே நம்பித் திட்டமிட நான் சொல்லமாட்டேன்.

அலைந்து திரியும் ஆசையைக் கண்டு நீங்கள் அஞ்சுகிறீர்கள். பிரான்சில் இளம் கைவினைஞர்கள் ஊர் ஊராகச் சென்று தொழில் கற்கும் மரபு இன்றும் இருக்கிறது. யுனெஸ்கோ 2010இல் அதைப் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது. ஜெர்மன் மொழி பேசும் நாடுகளில் தச்சர் போன்றோர் மூன்று ஆண்டும் ஒரு நாளும் வெளியூரிலேயே வேலை செய்து பழகும் வழக்கம் உண்டு. உங்கள் மகளின் மைவினைஞர்களும் கடுமையான விதிகளோடுதான் அலைகிறார்கள். கல்லூரிக் காலத்தில் வெவ்வேறு ஆய்வகங்களில் பயிற்சிக்குப் போனாலே அந்த வேட்கை நல்ல வழியில் செலவாகும்.

கதை எழுதுவதற்கென்று இப்போது எந்த வகுப்பிலும் சேர்க்க வேண்டியதில்லை. ஒரே ஒரு கதையை முடிவு வரை எழுதட்டும், போதும்.

அடுத்த இரண்டு மாதங்களுக்கு ஒரு வேலை தருகிறேன். வேதியியல் ஆசிரியர் ஒருவரின் மேற்பார்வையில் மாசிக்காய் மையை ஆறு விதமான அளவுகளில் செய்யட்டும். ஒவ்வொன்றாலும் இரண்டு தாள்களில் எழுதி, ஒன்றை வெளிச்சத்திலும் மற்றொன்றை இருட்டிலும் வைத்து, வாரந்தோறும் நாளிட்டுக் குறிக்கட்டும். எட்டாவது வாரத்திலும் குறிப்பு தொடர்ந்தால் என் கணிப்பு சரி. இரண்டாவது வாரத்திலேயே கைவிட்டு, மைவினைஞர்களின் வழக்குகளையும் எழுத்து முறைகளையும் பற்றி எழுதப் போய்விட்டால், சட்டம், மொழியியல் பற்றி நாம் பேசுவோம். அதுவும் நல்ல செய்திதான். அவளைத் திட்டாதீர்கள்.

ஒன்றே ஒன்று என்னை உறுத்துகிறது. குறிப்பேடுகளை அவளுக்குத் தெரியாமல் எடுத்து அனுப்பியதாக எழுதியிருந்தீர்கள். இன்றே அவளிடம் அதைச் சொல்லிவிடுங்கள். கோபப்படுவாள், பட்டுக்கொள்ளட்டும். அடுத்த சந்திப்புக்கு நான்காவது குறிப்பேட்டை அவளே தன் கையில் கொண்டுவர வேண்டும் என்று விரும்புகிறேன்.