பழைய டிவிடியை விற்றுவிட்டு 4கே வாங்கலாமா?

கேள்வி: 1940-களில் வந்த ஒரு கறுப்பு வெள்ளைப் படம் என்னிடம் டிவிடியாக இருக்கிறது. கமெண்டரி (படம் ஓடும்போதே அதைப் பற்றி ஒருவர் பேசும் ஒலித்தடம்), படத்தில் வேலை செய்தவர்களின் பேட்டி எல்லாம் அதில் உண்டு. இப்போது அதே படம் 4கே டிஸ்க்காக வந்திருக்கிறது, ஆனால் அந்த எக்ஸ்ட்ரா ஒன்றுகூட இல்லை. புதியதை வாங்கிவிட்டுப் பழையதை விற்றுவிடலாமா?

பதில்: தயவுசெய்து விற்காதீர்கள். கமெண்டரியும் பேட்டியும் பெரும்பாலும் அவற்றை எடுத்த கம்பெனிக்குச் சொந்தம், படத்தின் உரிமை வேறு கைக்குப் போகும்போது அவை கூடவே போவதில்லை. 40-களின் படம் என்றால் பேட்டி கொடுத்தவர்களில் அநேகமாக யாரும் இன்று இல்லை, திரும்ப எடுக்கவும் வழியில்லை.

புதியதை வாங்குவதா என்பது படம் எதிலிருந்து ஸ்கேன் ஆனது என்பதைப் பொறுத்தது. டிவிடியில் 480 அல்லது 576 வரிகள், 4கேயில் 2160, சரி. ஆனால் பிரதிக்குப் பிரதி எடுத்துத் தேய்ந்த பிரிண்ட்டை ஸ்கேன் செய்தாலும் அட்டையில் 4கே என்று போடலாம், அதில் பொய்யும் இல்லை. ஒரிஜினல் கேமரா நெகட்டிவ் (படப்பிடிப்பில் கேமராவுக்குள் ஓடிய அதே ஃபிலிம்) என்றோ அதற்கு அடுத்த தலைமுறைப் பிரதி என்றோ எழுதியிருக்கிறதா பாருங்கள்.

அப்புறம், விமர்சனங்களில் போடும் ஸ்கிரீன்ஷாட்களில் ஒரு முகத்தின் குளோசப்பைப் பெரிதாக்கிப் பாருங்கள். கன்னத்தில் பொடிப்பொடியாகக் கிரெயின், அதாவது ஃபிலிமின் துகள்கள், தெரிந்தால் நல்லது, அது அழுக்கல்ல, ஃபிலிமே அதுதான். கன்னம் மெழுகுபோல வழுவழுவென்று, புருவம் ஒரே கறையாக, போட்டிருக்கும் கோட்டுத் துணியின் நெசவே தெரியாமல் இருந்தால் கிரெயினைத் துடைக்கப்போய் விவரத்தையும் சேர்த்துத் துடைத்திருக்கிறார்கள். 2010-ல் வந்த 'பிரிடேட்டர்' ஹாலிவுட் படத்தின் புளூ-ரே (டிவிடிக்கும் 4கேக்கும் இடைப்பட்ட டிஸ்க் வகை) இதற்காகவே ரசிகர்களிடம் வாங்கிக் கட்டிக்கொண்டது. உருவங்களைச் சுற்றி வெள்ளைக் கோடு தெரிந்தால் அது செயற்கையாகக் கூட்டிய கூர்மை. அந்தக் காலப் படங்களின் ஃபிரேம் ஏறக்குறைய சதுரம், அகல டிவியில் இரண்டு பக்கமும் கறுப்புப் பட்டை வரத்தான் வேண்டும். திரை முழுக்க நிறைந்தால் மேலும் கீழும் வெட்டியிருக்கிறார்கள், அதற்குக் காசு கொடுக்காதீர்கள்.

வெளிநாட்டுப் பதிப்பென்றால் ஒன்று கவனியுங்கள்: 4கே டிஸ்க்குக்கு ரீஜியன் பூட்டு (குறிப்பிட்ட நாடுகளின் பிளேயரில் மட்டுமே ஓடும் கட்டுப்பாடு) கிடையாது, ஆனால் அதே பெட்டியில் வரும் புளூ-ரேக்கு இருக்கலாம். எக்ஸ்ட்ராக்களைப் பலரும் அந்தப் புளூ-ரேயில்தான் வைக்கிறார்கள்.