டர்பனைவிட ஜோகன்னஸ்பர்க்கில் விமானம் ஏன் வேகமாக ஓடி எழும்புகிறது?

டர்பனிலிருந்து ஜோகன்னஸ்பர்க் போய்வரும் நம்மவர்கள் பலருக்கும் வரும் கேள்வி இது. போயிங் 737 மாதிரியான ஜெட், எடையைப் பொறுத்து மணிக்கு 240 முதல் 290 கி.மீ. வேகத்தில் எழும்பும், தரையைத் தொடும்போது பெரும்பாலும் அதைவிடக் கொஞ்சம் குறைவு.

ஆனால் விமானத்தைத் தூக்குவது சக்கரத்தின் வேகம் இல்லை, இறக்கையைத் தழுவி ஓடும் காற்று. காற்று போதவில்லை என்றால் பட்டத்தை இழுத்துக்கொண்டு இன்னும் வேகமாக ஓடுவோமே, அதே கதைதான். டர்பனின் கிங் ஷாகா விமான நிலையம் கடலோரம், ஜோகன்னஸ்பர்க்கின் ஓ.ஆர். டாம்போவோ கடல்மட்டத்திலிருந்து சுமார் 1,700 மீட்டர் உயரத்தில், அங்கே காற்றின் அடர்த்தி குறைவு என்பதால் அதே எடையைத் தூக்க ஏறக்குறைய 9% கூடுதல் வேகம் வேண்டும், அதோடு எஞ்சினின் உந்துவிசையும் குறைவதால் அந்த வேகத்தை எட்டவே நேரமாகும், கோடை மதியம் என்றால் இன்னும் மோசம். அதனால்தான் அங்கே 4.4 கி.மீ. நீள ஓடுபாதை.

அப்புறம், எதிர்காற்று எழும்புவதைத் தடுக்கும் என்று பலர் நினைப்பது தவறு: மணிக்கு 30 கி.மீ. எதிர்காற்று அடித்தால், நகரும் முன்பே அவ்வளவு வேகம் இறக்கைக்கு இலவசமாகக் கிடைத்துவிடுகிறது.