அப்பா பேசாத படத்துக்குப் பின்னணிக் குரல் வேண்டுமா?

கேள்வி: என் அப்பா தையல்காரர். பார்வை மங்கிவிட்டதால் தொழிலை விட்டுவிட்டார். அதற்கு முந்தைய ஆறு மாதம் அவர் தைப்பதைப் படம்பிடித்தேன். 30 மணி நேரம் இருக்கிறது. பேட்டி ஒன்றுகூட இல்லை. கேமராவைக் கண்டால் அப்பா வாய் திறக்க மாட்டார். பார்த்த நண்பர்கள், ‘கதையே இல்லையே, பின்னணிக் குரல் போட்டு விளக்கு’ என்கிறார்கள். போடட்டுமா?

பதில்: இப்போதைக்கு வேண்டாம். இவர் யார், ஏன் தொழிலை விடுகிறார் என்பது பார்ப்பவருக்குத் தெரிய வேண்டும்தான். அதற்குத் தொடக்கத்தில் இரண்டு வரி எழுத்து போதும். விளக்கும் குரல் ஒன்று வந்துவிட்டால், நாம் பார்ப்பதை நிறுத்திவிட்டு அது சொல்வதை நம்பத் தொடங்கிவிடுவோம். பிரெஞ்சு ஆவணப்பட இயக்குநர் கிறிஸ் மார்க்கர் 1957இல் எடுத்த ‘சைபீரியாவிலிருந்து ஒரு கடிதம்’ படத்தில் யாகுட்ஸ்க் நகரத் தெருக்காட்சி ஒன்று மூன்று வெவ்வேறு வர்ணனைகளோடு வரும். ஒன்று புகழும், ஒன்று இகழும், ஒன்று நடுநிலையாகப் பேசும். காட்சி அதேதான், ஆனால் நம் கண்ணுக்குத் தென்படும் தெரு ஒவ்வொரு தடவையும் வேறு.

குரலே கூடாது என்றில்லை. பெல்ஜிய இயக்குநர் சான்டல் ஆக்கர்மான் தன் ‘நியூஸ் ஃப்ரம் ஹோம்’ (1977) படத்தில் நியூயார்க் தெருக்களையும் சுரங்க ரயிலையும் காட்டிக்கொண்டே, பெல்ஜியத்திலிருந்து தன் அம்மா எழுதிய கடிதங்களை வாசிக்கிறார். கடிதங்கள் காட்சியை விளக்குவதே இல்லை. சில இடங்களில் நகரத்து இரைச்சல் குரலை விழுங்கிவிடும். அம்மா எவ்வளவு தொலைவில் இருக்கிறார் என்பது அங்கேதான் உறைக்கும்.

சரி, உங்கள் படத்துக்கு வருவோம். கதை இல்லை என்பதை நான் ஏற்கவில்லை. ஊசியில் நூல் கோக்கும் காட்சிகளை மட்டும் தனியே பிரித்து, எடுத்த தேதி வரிசையில் அடுக்கிப் பாருங்கள். முதல் மாதம் எத்தனை முயற்சியில் கோத்தார்? ஆறாம் மாதம்? வெளிச்சத்துக்காக எந்தப் பக்கம் திரும்பினார்? ஒரு ஷாட் இரண்டு நிமிடம் ஓடினாலும் வெட்டாதீர்கள். நூல் ஊசிக் கண்ணில் நுழையாத அந்த நேரத்தைப் பார்ப்பவரும் அவரோடு சேர்ந்து கடக்கட்டும். பார்வை போவதை இதைவிட நேராக எந்தக் குரலாலும் சொல்ல முடியாது. கூடவே ஒலியையும் தனியாகக் கேளுங்கள். தையல் இயந்திரம் ஓடும், நிற்கும். நிற்கும் நேரம் மாதாமாதம் நீள்கிறதா என்று கவனியுங்கள். இசை சேர்த்து அதை மூடிவிடாதீர்கள்.

அப்புறம், முதல் வடிவம் தயாரானதும் அப்பாவிடம் காட்டுங்கள். தடுமாறும் கைகளைப் பிறர் பார்ப்பதில் அவருக்குச் சம்மதமா என்பது முதலில் தெரிய வேண்டும். வேண்டாம் என்று அவர் சொல்லும் காட்சியை எடுத்துவிடுங்கள், அது எவ்வளவு நன்றாக வந்திருந்தாலும். பார்வை மங்கியவர் என்பதால் பெரிய திரையாக இருக்கட்டும், பக்கத்திலேயே உட்காருங்கள். பிரான்சின் ழான் ரூஷும் எட்கார் மோரினும் எடுத்து 1961இல் வெளிவந்த ‘ஒரு கோடையின் வரலாறு’ படத்தில், வேடம் எதுவும் போடாமல் நிஜ மனிதர்களாகவே தோன்றியவர்கள் கடைசியில் தங்கள் காட்சிகளைப் பார்த்து விவாதிப்பதும் படத்தின் பகுதியாகிவிட்டது. அதுபோல, அவர் அனுமதித்தால் ஒலிப்பதிவுக் கருவியை மட்டும் ஓடவிடுங்கள். கேமராவுக்குப் பேசாதவர், திரையில் தையல் ஒன்று கோணலாகப் போவதைக் கண்டால் ஏதாவது சொல்லக்கூடும்.