சமூகக் கலைத் திட்டங்களால் ஒரு நகரக் குடியிருப்புப் பகுதிக்கு என்ன பயன்?

எதை வரைவது, எந்தச் சுவரில் வரைவது என்பதை அப்பகுதியில் வசிப்பவர்களே கலைஞர்களுடன் கூடிப் பேசி முடிவு செய்து, தாங்களும் தூரிகை பிடித்து உருவாக்குவதே சமூகக் கலை. அதன் பயன் படத்தில் மட்டும் இல்லை. பல ஆண்டுகளாக ஒரே மாடிப்படியில் ஏறி இறங்கியும் பேசிக்கொள்ளாதவர்கள், ஒரே வாளி வண்ணத்தைப் பகிரும்போது பழகிவிடுகிறார்கள், பிறகு தெருவிளக்கு எரியாவிட்டாலும் சேர்ந்தே புகார் கொடுக்கிறார்கள். நாமே நீரூற்றி வளர்த்த செடியை ஒருவர் ஒடித்தால் மனம் பொறுக்காதல்லவா, தாம் வரைந்த சுவரில் ஒருவர் சுவரொட்டி ஒட்டினாலும் அப்படித்தான். அமெரிக்காவின் ஃபிலடெல்ஃபியா நகரம் சுவர்க் கிறுக்கல்களைத் தடுக்க 1984இல் தொடங்கிய திட்டம், கிறுக்கிய இளைஞர்களையே ஓவியம் வரைய அழைத்தது. இன்று அங்கே சுவரோவியங்கள் ஆயிரக்கணக்கில் உள்ளன. வண்ணம் பூசினாலே பகுதி மேம்பட்டுவிடும் என்று பலர் எண்ணுகிறார்கள். ஆனால் வசிப்பவர்களைக் கேட்காமல் வரைந்த ஓவியம் அவர்களுக்கு இன்னொரு விளம்பரப் பலகைதான், ஒழுகும் குழாயையும் அது அடைக்காது.