கேள்வி: லாபத்தில் பாதி இசைக்குழுவுக்கு என்று சில இண்டி ராக் லேபிள்கள் (பெரிய நிறுவனங்களைச் சாராத இசை வெளியீட்டு நிறுவனங்கள்) சொல்கின்றனவே, கணக்கு எப்படி? வாய்ப்பேச்சு போதுமா?

பதில்: சிகாகோவின் டச் அண்ட் கோ ரெக்கார்ட்ஸ் இப்படித்தான் பல குழுக்களின் இசையை வெளியிட்டது. தயாரிப்பு, விளம்பரச் செலவு முதலில் கழியும். மிச்சம் பாதிப் பாதி. உதாரணத்துக்கு, 500 வினைல் தட்டுக்கு ஒலிப்பதிவு உட்பட 4,000 டாலர் செலவு, கடைகளுக்குக் கொடுக்கும் மொத்த விலை தட்டு ஒன்றுக்கு 12 டாலர் என்று வைத்துக்கொள்ளுங்கள். 334-வது தட்டு விற்றால்தான் லாபம் தொடங்கும். 500-ம் தீர்ந்தால் லேபிளுக்கும் குழுவுக்கும் தலா 1,000 டாலர். மறு அச்சில் ஒலிப்பதிவுச் செலவு கிடையாது; லாபம் கூடும். விற்பனையில் ஒரு சதவீதம் மட்டும் தரும் ராயல்டி முறையைவிட இது குழுவுக்கு நியாயமானது என்பது எங்கள் உறுதியான கருத்து.

வாய்ப்பேச்சு போதாது. பட்ஹோல் சர்ஃபர்ஸ் குழு அதே லேபிளோடு செய்த வாய்மொழி ஒப்பந்தத்தில் கால வரம்பு இல்லை. அதனால் குழு விரும்பியபோது விலகலாம் என்று 1999-ல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. லேபிள் பழைய ஆல்பங்களின் உரிமையை இழந்தது. எனவே எத்தனை ஆண்டு, எந்தெந்த நாடு, மாஸ்டர் (மூல ஒலிப்பதிவு) யாருக்கு, ஆறு மாதத்துக்கு ஒருமுறை கணக்கு என எழுதி வாங்குங்கள். கழிக்கத்தக்க செலவுகளையும் பட்டியலிடுங்கள். அலுவலக வாடகை, இலவசப் பிரதி, கடைகள் திருப்பி அனுப்பும் தட்டு ஆகிய மூன்றில்தான் பெரும்பாலும் சண்டை வரும்.