ரெண்டு ஃபோன்லயும் 'கோனா'ன்னு காட்டுது, ஃபர்ம்வேரை (ஃபோனுக்குள்ள இருக்கற அடிப்படை சாஃப்ட்வேர்) மாத்திப் போடலாமா?

கேள்வி: என்கிட்ட இருக்கறது மி 11எக்ஸ், ஸ்னாப்டிராகன் 870. தம்பிகிட்ட மி 10, அதுல 865. ரெண்டுலயும் பிளாட்ஃபார்ம் பேர் 'கோனா'ன்னுதான் வருது. எனக்கு சிக்னல் அடிக்கடி போயிடுது, அவன் ஃபோனோட மோடம் ஃபைலை (சிக்னலைக் கவனிக்கற பகுதியோட சாஃப்ட்வேர்) எடுத்து என் ஃபோன்ல ஃப்ளாஷ் பண்ணலாமா, அதாவது பழசு மேல எழுதலாமா? இந்த பில்டு பேரையெல்லாம் (சாஃப்ட்வேர் வெர்ஷன் பேர்) எப்படிப் படிக்கறது?

பதில்: தயவுசெஞ்சு பண்ணிடாதீங்க. கோனாங்கறது எஸ்எம்8250 சிப்புக்கு, அதைச் செய்யற குவால்காம் கம்பெனி உள்ளுக்குள்ள வெச்ச பேர், 865, 865 பிளஸ், 870 மூணும் அந்தக் குடும்பம்தான், அதனால ஒரே பேர் வரத்தான் செய்யும். ஆனா அது சிப்பை மட்டும்தான் சொல்லுது, ஆன்டெனா, ஆம்ப்ளிஃபயர், பேட்டரி செட்டிங் எல்லாம் ஒவ்வொரு மாடலுக்கும் வேற. ஃபோனைத் துவக்கற பூட் ஃபைல் (எக்ஸ்பிஎல்), டிரஸ்ட்ஸோன் (ரகசியத் தகவலைக் காக்கற பகுதி), மோடம் எல்லாத்துலயும் டிஜிட்டல் கையெழுத்து இருக்கும், பூட் ஃபைல்ல அது பொருந்தலைன்னா ஸ்கிரீன் கருப்பாயிடும், கம்ப்யூட்டர்ல சொருகினா 9008னு ஒரு போர்ட் (குவால்காமோட அவசர மோடு) மட்டும் தெரியும். ஒரே கம்பெனி ஃபோனா இருந்தா கையெழுத்து பொருந்திப் போயிடவும் வாய்ப்பிருக்கு, எனக்கு அதுதான் அதிக பயம், ஏன்னா தடுக்க ஆளே இல்லாம தப்பான ஃபைல் உள்ள போயிடும்.

நீங்க பாக்க வேண்டிய பேர் வேற. உங்க வெர்ஷன் நம்பர் கடைசியில டிகேஎச்ஐஎன்எக்ஸ்எம்னு இருக்கும். முதல் எழுத்து ஆண்ட்ராய்டு 13, அதாவது டிராமிசு. அடுத்த கேஎச் உங்க மாடல், தம்பி ஃபோன்ல அந்த இடத்துல ஜேபி இருக்கும், கதை அங்கயே முடிஞ்சுது. ஐஎன் இந்தியா, எம்ஐ குளோபல், சிஎன் சீனா. கடைசி எக்ஸ்எம்னா எந்த நெட்வொர்க் கம்பெனிக்கும் கட்டுப்படாத ஃபோன்னு அர்த்தம். மாடல் எழுத்து ஒண்ணா இருந்து ஏரியா மட்டும் வேறன்னாலும், பூட்லோடர் (ஃபோனைத் துவக்கற புரோகிராம்) லாக்ல இருக்கும்போது மாத்திப் போடாதீங்க.

சாம்சங்ல வேற மாதிரி. கடைசி ஆறு எழுத்து யூ5ஈவிகே2ன்னு வெச்சுக்கோங்க. யூன்னா ஃபீச்சர் அப்டேட், அந்த இடத்துல எஸ் வந்தா செக்யூரிட்டி மட்டும். ஈ பெரிய வெர்ஷன், வி 2022, கே நவம்பர் (ஏ ஜனவரின்னு எண்ணிக்கிட்டு வாங்க), 2 அந்த மாச பில்டு. எல்லாரும் தேதியைத்தான் தேடுவாங்க, ஆனா உயிர்நாடி அந்த 5, அதுதான் பூட்லோடர் நம்பர். 5 ஏறின ஃபோன்ல 4 போடவே முடியாது, சிப்புக்குள்ள ஃபியூஸ் எரிஞ்சு பதிவாயிடும், திரும்ப வராது. மி ஃபோன் செய்யற ஷாவ்மியிலயும் சில மாடல்ல இதே தடை உண்டு, ஃபாஸ்ட்பூட் மோட்ல வெச்சு கம்ப்யூட்டர்ல இருந்து 'கெட்வார் ஆன்டி' கொடுத்தா நம்பர் காட்டும்.

மீடியாடெக் சிப் உள்ள ஃபோன்னா பேஸ்பேண்ட் (மோடம் வெர்ஷன்) 'மோலி'ன்னு ஆரம்பிக்கும், பின்னாடி எல்ஆர் வந்தா 4ஜி, என்ஆர் வந்தா 5ஜி. குவால்காம்ல எம்பிஎஸ்எஸ்னா மோடம், டிஇசட்னா டிரஸ்ட்ஸோன். இதெல்லாம் எந்தப் பகுதின்னு காட்டுமே தவிர எந்த ஃபோனுக்குன்னு காட்டாது.

உங்க சிக்னல் பிரச்சனைக்கு முதல்ல நெட்வொர்க் செட்டிங்கை ரீசெட் பண்ணுங்க, சிம்மை இன்னொரு ஃபோன்ல போட்டுப் பாருங்க. அப்பவும் தீரலைன்னா கேஎச், ஐஎன் ரெண்டும் பொருந்தற முழு ஃபர்ம்வேரை எடுத்து, அதோட ஆன்டி நம்பர் உங்க ஃபோன்ல இருக்கறதை விடக் குறையாம இருக்கான்னு பாத்துட்டுப் போடுங்க. ஃபோன் ஏற்கனவே ரூட் பண்ணியிருந்தா (சிஸ்டம் முழுக்கத் தொடற அனுமதி வாங்கியிருந்தா) மோடம்எஸ்டி1, மோடம்எஸ்டி2, பெர்சிஸ்ட்ங்கற மூணு மெமரிப் பகுதியையும் காப்பி எடுத்து வெளிய வெச்சுக்கோங்க, ஐஎம்இஐ (ஃபோனோட தனி அடையாள நம்பர்), ரேடியோ அளவு, சென்சார் அளவெல்லாம் அதுலதான் இருக்கு, அது போச்சுன்னா டவுன்லோட் பண்ணி எடுக்க எங்கயும் கிடைக்காது.